லைசென்ஸில் என் பெயர்

பல்லடம் ரோட்டில் எங்கள் ஹோட்டலோடு சேர்ந்த பாரின் லைசென்ஸ் என் கணவர் பெயரில் இருந்தது. அவர் இறந்ததும், வாரிசு என்ற முறையில் என் பெயருக்கு மாற்ற மனு கொடுத்தேன். விசாரணையன்று அதிகாரி முன்னாலேயே என் கொழுந்தனார், "என்ற பேருக்கு உட்டுக் குடுத்துருங்க அண்ணி. பொம்பளை பார் நடத்துனா, நம்ம புள்ளையக் கேட்டு எவனுங்க வருவான்?" என்றார்.

எனக்கும் அந்தப் பயம்தான். பக்கத்தில் நின்ற என் மகள் முந்திக்கொண்டாள்.

"நீங்க நடத்துனா மட்டும் அது பால் கடை ஆயிருமுங்களா சித்தப்பா? இதுக்காக வராத மாப்பிள்ளை எனக்கு வேண்டாங்க."

அதிகாரி என்னைப் பார்த்தார். "என்ற பேர்லயே போடுங்க சார்" என்றேன்.

லைசென்ஸைக் கல்லாவுக்கு மேலே மாட்டியிருக்கிறேன். ஊர் இன்னும் பேசத்தான் செய்கிறது. அதைக் கேட்டுத் தலைகுனிகிற பழக்கம்தான் எனக்கு விட்டுப்போய்விட்டது.