பூனைக்காக வாங்கிய துடுப்படி

எண்பதுகளின் தொடக்கத்தில் கடலோர ஊரான சாய்ந்தமருதில் கருவாடு போட்டு விற்றுக்கொண்டிருந்தேன். எதிர்வீட்டு மீராசாகிபுவின் பூனைக்கு என் மீனைத் திருடுவதே வேலை. ஒருநாள் ஆத்திரம் தாங்காமல், "நஞ்சு வெச்சுக் கொல்லுவன்!" என்று தெருவே கேட்கக் கத்தினேன்.

மறுநாள் அந்தப் பூனை முகம் வீங்கி மூச்சுக்குத் தவித்தது. மீராசாகிபு துடுப்போடு வந்தான்.

"சொன்ன மாதிரியே நஞ்சு வெச்சிட்டியே, பாவி!"

முதல் அடியில் மண்டை பிளந்தது. அடுத்ததில் இடக்கை முறிந்தது. கருவாட்டுப் பாயில் விழுந்த பிறகும் அவன் விடவில்லை.

பூனையைத் தூக்கிக்கொண்டு மாட்டு டொக்டரிடம் போயிருந்த அவன் மனைவி, செத்த பூனையோடு ஓடிவந்தாள். வயதில் மூத்த என்னை அவள் அண்ணன் முறையில் 'காக்கா' என்பாள்.

"காக்காவ உடுங்க! காய்ச்சல் எண்டு நான்தான் குளிசை அரைச்சுப் பால்ல குடுத்தன். மனிசர்ர காய்ச்சல் மாத்திர பூனைக்கு நஞ்சாம், டொக்டர் சொன்னார்."

அவன் துடுப்பை அவள் பக்கம் ஓங்கினான். முறியாத கையால் அதைப் பிடித்தேன்.

"அடிக்காத தம்பி. என்னக் கேட்டிருந்தா நானும் அதத்தான் குடுக்கச் சொல்லியிருப்பன்."

துடுப்பைப் போட்டுவிட்டு, பூனையை மடியில் வாங்கிக்கொண்டு அவன் மணலில் உட்கார்ந்தான்.

இன்று என் வீட்டிலும் ஒரு பூனை இருக்கிறது. கட்டிலுக்கடியில் ஒரு குளிசை உருண்டால், என் கை முதலில் மண்டைத் தழும்பைத் தடவுகிறது. பிறகுதான் குளிசையைத் தேடுகிறது.