வெள்ளிக்கிழமைச் சிரிப்பு

அந்த அம்மாவின் வாழ்க்கை வரலாறு முழுவதும் ஒன்பது வயதிலேயே எனக்கு மனப்பாடம். இங்கிலாந்தில் மழை ஓயாத ஏதோ ஓர் ஊரில், மீன் கடைக்கு மேலே இருந்த வீட்டில் பிறந்தவர். அக்காவும் இவரும் ஒரே கட்டிலில் படுத்து வளர்ந்தவர்கள். பள்ளிக்கூட நாடகத்தில் இவரை மரமாக நிற்க வைத்தார்கள். மரம் தும்மிவிட்டது. கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. தன் தொழில் அன்றைக்கே முடிவாகிவிட்டது என்பார். அதன் பிறகு குடிப்பவர்கள் கூடும் கடைகளில் மேடை ஏறிச் சிரிக்க வைத்தார். பிறகு தொலைக்காட்சித் தொடர் ஒன்றில் ஒன்பது வருடம் பக்கத்து வீட்டுக்காரி. கதாநாயகியின் வீட்டுக்குச் சர்க்கரை கேட்டு வருவதும் சர்க்கரையோடு ஒரு வம்பை வாங்கிக்கொண்டு போவதும்தான் வேடம். நாற்பது வயது தாண்டியதும் அந்தப் பக்கத்து வீட்டைக் காலி செய்யச் சொல்லிவிட்டார்கள். கிறிஸ்துமஸ் நாடகங்களில் முதலில் தேவதையாக வந்தார், அப்புறம் மாற்றாந்தாயாக, கடைசியில் சூனியக்காரியாக. அதற்கும் பின் உல்லாசக் கப்பல்கள். கப்பலும் போன பிறகு துபாய்.

இதெல்லாம் அவரே மேடையில் சொன்னது. எங்கள் அப்பா வேலை பார்த்த ஹோட்டலில் குளிர்காலம் முழுக்க வெள்ளிக்கிழமை மதியம் அவருடைய தனி நிகழ்ச்சி நடக்கும். தன் கதையைத் தானே நடித்துக் காட்டுவார். அதை ஒரு சீசனில் பதினாறு தடவை பார்த்தவள் நான். விரும்பிப் பார்த்தேன் என்று சொல்ல முடியாது. பார்க்க வேண்டியிருந்தது.

காரணத்தைச் சொல்லிவிடுகிறேன். அப்பா அந்த ஹோட்டலில் முதலில் சலவைப் பிரிவில் இருந்தார். அவர் தொழிலாளர் கேம்பில், நாங்கள் பரமக்குடியில். வருடத்துக்கு ஒரு முறை லீவில் வந்து, எனக்கு அவர் முகம் பழகுவதற்குள் திரும்பிப் போய்விடுவார். அந்த அம்மாவின் நிகழ்ச்சி ஆரம்பித்தபோது மேடையைப் பார்த்துக்கொள்ள ஓர் ஆள் தேவைப்பட்டது. அப்பாவைப் போட்டார்கள். சூப்பர்வைசர் என்று ஒரு பதவியும் வந்தது. அந்தப் பதவி வந்ததால்தான் எங்களுக்குக் குடும்ப விசா கிடைத்தது. நானும் அம்மாவும் கராமாவில் ஒரு ஃபிளாட்டின் பாதி ஹாலுக்கு வந்து சேர்ந்தோம். மறு பாதியில் இன்னொரு குடும்பம், நடுவில் இரண்டு பீரோக்கள். ஆக, நிகழ்ச்சி இருக்கும்வரை நாங்கள் துபாயில். நிகழ்ச்சி நின்றால் அப்பா மறுபடி கேம்புக்கு, நாங்கள் பரமக்குடிக்கு. இது அந்த வயதிலேயே எனக்கு நன்றாகத் தெரியும். ஸ்கூலில் யாராவது அடுத்த வருடம் என்று பேச்செடுத்தால் நான் வாயைத் திறக்க மாட்டேன்.

இரண்டாவது சீசனில் கூட்டம் குறைந்துவிட்டது. பாதி நாற்காலி காலி. ஹால் மேனேஜர் அப்பாவைக் கூப்பிட்டு, “பாய், காலி நாற்காலியைப் பார்த்தால் வந்தவனும் சிரிக்க மாட்டான். ஸ்டாஃப் ஃபேமிலியைக் கொண்டுவந்து பின்வரிசையில் உட்கார வை. நல்ல டிரெஸ். நல்லா சிரிக்கணும். யல்லா, சீக்கிரம்” என்று இந்தியில் சொன்னாராம்.

உட்கார வைப்பது பெரிய காரியமில்லை. சிரிக்க வைப்பதுதான் பெரும்பாடு. ஹோட்டலில் வேலை செய்த மூன்று தமிழ்க் குடும்பங்களும், கேம்பிலிருந்து துவைத்த சட்டையோடு வந்த சிலருமாகப் பதினெட்டுப் பேர். ஆங்கிலம் புரிவது இங்கிலீஷ் ஸ்கூலில் படித்த எனக்கு மட்டும். அப்பாவுக்கே புரியாது. ஆனால் எந்த இடத்தில் கூட்டம் சிரிக்கும் என்பதைக் கண்ணாலேயே படித்து வைத்திருந்தார்.

எங்கள் பாதி ஹாலில் ஒத்திகை நடந்தது. அப்பா லுங்கியோடு நின்று, தலையில் துண்டைச் சுற்றி, அம்மாவின் கைப்பையைத் தோளில் மாட்டிக்கொண்டார். “டட்ட டாட்டட டா” என்று இங்கிலீஷ் பேசினார். மரமாக நின்று தும்மினார். “இங்க சிரிக்கணும்” என்றார். சர்க்கரைக் கிண்ணத்தோடு கதவைத் தட்டினார். “இங்க லேசா.” அப்புறம் நாற்காலியில் உட்கார்ந்து அந்த அம்மாவின் அக்காவாக மாறினார். அந்த அக்கா சொந்தத் தங்கையின் நகைச்சுவை நிகழ்ச்சியைப் பார்க்க வந்து ஒவ்வொரு தடவையும் தேம்பித் தேம்பி அழுவாளாம். பையைத் திறந்து கைக்குட்டையை இழுப்பாள். அது வந்துகொண்டே இருக்கும், ஒரு சேலை நீளத்துக்கு. அப்பா கைப்பைக்குள்ளிருந்து அம்மாவின் சேலையையே இழுத்தார். “இங்கதான் உசுரக் குடுத்துச் சிரிக்கணும், ஆமா.”

“ஐயோ, போதும் நிறுத்துங்க, வயிறு வலிக்குது” என்று அம்மா சுவரில் சாய்ந்துகொண்டாள். அம்மா அப்படிச் சிரித்து நான் பார்த்ததேயில்லை. பீரோவுக்கு அந்தப் பக்கத்திலிருந்துகூடச் சிரிப்புச் சத்தம் வந்தது.

அப்பா ஒரு சைகையும் வைத்துக்கொண்டார். ஹாலின் பக்கக் கதவருகே சீருடையோடு நிற்பார். கழுத்தில் பட்டாம்பூச்சி மாதிரி கட்டியிருந்த போ டையை ஒரு கையால் தொட்டால் சிரிப்பு. இரண்டு கையாலும் தொட்டால் சிரிப்போடு கைதட்டலும் சேர்த்து. முதல் வாரம் அம்மா கல்யாணப் பட்டைக் கட்டிக்கொண்டு வந்தாள். பட்டு வேண்டாம் என்று மேனேஜர் சொல்லியனுப்பினார். மறு வாரத்திலிருந்து சுடிதார்.

முதல் மூன்று நான்கு வாரம் கொண்டாட்டமாகத்தான் இருந்தது. ஏசி, மெத்தை நாற்காலி, இடைவேளையில் ஜூஸ். அப்புறம் அது ஒரு டியூட்டியாகிவிட்டது. கேம்பிலிருந்து வருபவர்களுக்கு வாரத்தில் இருப்பதே அந்த ஒரு நாள் லீவு. தூங்க வேண்டிய நேரத்தில் வந்து, தாடை வலிக்கச் சிரித்துவிட்டுப் போவார்கள். அம்மா பஸ் ஏறும்போதே, “இன்னிக்கும் அந்த மரம் தும்மணுமா” என்று பெருமூச்சு விடுவாள். இடைவேளையில் ஒரு நாள் மேடைத் திரை சற்று விலகியிருந்தபோது அந்த அம்மாவைப் பார்த்தேன். செருப்பைக் கழற்றிப் போட்டுவிட்டு, வீங்கிய காலை இன்னொரு நாற்காலியில் நீட்டி, கண்ணை மூடி உட்கார்ந்திருந்தார். பார்க்க எங்கள் வரிசையைச் சேர்ந்தவர் மாதிரியே இருந்தது.

சீசனின் கடைசி வெள்ளிக்கிழமை பெரிய மேனேஜர் வந்து பார்க்கப்போகிறார் என்றார்கள். அடுத்த வருடமும் நிகழ்ச்சி உண்டா இல்லையா என்பதை அவர்தான் சொல்வார். முந்தின நாளிலிருந்தே அப்பா சரியாகச் சாப்பிடவில்லை. நிகழ்ச்சி ஆரம்பிப்பதற்கு முன் எங்கள் வரிசைக்கு வந்து குனிந்து பேசினார்.

“அந்த அம்மாவுக்கு ஒடம்பு சரியில்ல போல. காலைலேர்ந்து யார்கிட்டயும் பேசல. நீங்க நல்லா சிரிங்க, அதுக்கும் ஒரு தெம்பு வரும். பாப்பா, நீயும் கண்ண என் மேலயே வச்சுக்க.”

நான் வரிசையின் ஓரத்து நாற்காலியில் இருந்தேன். அங்கிருந்து அப்பாவும் தெரிவார், பிரதான வாசலில் கையைக் கட்டி நின்ற பெரிய மேனேஜரும் தெரிவார். முன்னால் வெள்ளைக்காரர்கள் பத்துப் பன்னிரண்டு பேர்தான்.

மரம் தும்மியது. சிரித்தோம். சர்க்கரை கேட்டார். லேசாகச் சிரித்தோம். சூனியக்காரி வந்து போனாள். எல்லாம் ஒழுங்காகத்தான் போயிற்று. பிறகு நாற்காலியில் உட்கார்ந்து, அக்காவாக மாறுவதற்காகப் பையைத் திறந்து கையை உள்ளே விட்டார்.

கை வெளியே வரவில்லை. பைக்குள்ளேயே இருந்தது. முகம் கோணியது. வாரா வாரம் அந்த இடத்தில் கோணும் முகம்தான் அது, ஆனால் சத்தம் வரவில்லை. பிறகு மிகத் தணிந்த குரலில் பேசினார். காலையில் போன் வந்தது, என் அக்கா இறந்துவிட்டாள், மன்னித்துக்கொள்ளுங்கள், என்னால் முடியும் என்றுதான் நினைத்தேன் என்றார். முன்வரிசையில் ஒரு கிழவி கையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

எனக்கு ஒவ்வொரு வார்த்தையும் புரிந்தது. அப்பாவைப் பார்த்தேன்.

அப்பாவின் கை போ டை வரைக்கும் போயிற்று. கீழே இறங்கிவிட்டது. மேடையையே பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு திரும்பிப் பெரிய மேனேஜரைப் பார்த்தார். மேடையில் பேசுவதை அவர் கவனித்ததாகத் தெரியவில்லை. அமைதியாகக் கிடந்த ஹாலைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். அப்பாவின் கை மறுபடி மேலே போனது. இந்தத் தடவை இரண்டு கையும்.

பதினேழு பேரும் உயிரைக் கொடுத்துச் சிரித்தார்கள், கைதட்டினார்கள். நான் ஒரு நொடி தாமதித்தேன். பரமக்குடி பஸ் ஸ்டாண்டில் அப்பா எங்களை விட்டுவிட்டுக் கையாட்டுவது கண்முன் வந்தது. நானும் சிரித்தேன். இன்றைக்கு நினைத்தாலும் உடம்பு கூசுகிறது. மற்றவர்களுக்குத் தெரியாது. எனக்குத் தெரியும். தெரிந்தே சிரித்தேன்.

முன்வரிசைக்காரர்கள் திரும்பி எங்களைப் பார்த்த பார்வையை எழுத வேண்டாம். அந்த அம்மாவும் தலையை நிமிர்த்திப் பார்த்தார். எங்கள் வரிசை முழுவதையும் ஒரு முனையிலிருந்து மறு முனை வரை நிதானமாகப் பார்த்தார். பிறகு பைக்குள்ளிருந்து கையை எடுத்தார். கைக்குட்டை வந்தது. இழுத்தார், இழுத்துக்கொண்டே இருந்தார். அதிலேயே முகத்தைத் துடைத்தார், மூக்கைச் சிந்தினார், ஈரத்தைப் பிழிந்து காட்டினார். முன்னால் யாரோ தயங்கிச் சிரித்தார்கள். இன்னொருவர் சிரித்தார். அந்த அம்மா எழுந்து நின்று, கப்பலேறி, துபாய் வரைக்கும் தன் கதையைச் சொல்லி முடித்துவிட்டுத்தான் போனார். பெரிய மேனேஜர் கைதட்டினார். மேடைக்காரர்கள் அப்படித்தான், அந்தச் சிரிப்புதான் அவரைத் தூக்கி நிறுத்தியிருக்கும் என்று பின்னாளில் நண்பர்கள் எனக்கு ஆறுதல் சொன்னதுண்டு. இருக்கலாம். எனக்கு அந்த ஆறுதல் ஒட்டவில்லை.

நிகழ்ச்சி முடிந்து வாசலில் நின்று எல்லோருக்கும் கைகொடுப்பது அவர் வழக்கம். அன்றும் நின்றார். கண்கள் சிவந்திருந்தன. என் முறை வந்ததும் கையை விடாமல் குனிந்து, உனக்கு ஆங்கிலம் தெரியுமா என்று ஆங்கிலத்தில் கேட்டார்.

“நோ மேடம்” என்றேன்.

அவர் என்னையே பார்த்தார். பிறகு, நன்றாகச் சிரித்தாய் என்று சொல்லி என் கையை மெல்ல விட்டார். அடுத்து நின்ற அம்மா கும்பிட்டாள்.

பஸ்ஸுக்குக் காத்திருந்தபோதே செய்தி வந்துவிட்டது. அடுத்த சீசன் உண்டு. அம்மா என் தலையைத் தடவிக்கொண்டே கேட்டாள்.

“நடுவுல என்னமோ மெதுவாப் பேசுச்சே, என்ன சொல்லுச்சு?”

“அவங்க அக்காவைப் பத்தி ஜோக்கும்மா.”

“அதானே பாத்தேன். எப்பவும் செய்யுறத விட இன்னிக்கு அந்த அழுகைய அம்புட்டு நல்லா செஞ்சுச்சு” என்றாள் அம்மா.

இப்போது நான் துபாய் ஜெபல் அலியில் ஒரு கிடங்கு அலுவலகத்தில் வேலை பார்க்கிறேன். ஒரு மதியம், வேலை ஓடாத அலுப்பில், அந்த அம்மாவின் பெயரை இணையத்தில் தேடிப் பார்த்தேன். நாலே வரி. தொடரின் பெயர், வருடங்கள், கிறிஸ்துமஸ் நாடகங்கள். அக்காவும் இல்லை, துபாயும் இல்லை.

அந்தக் கடைசி நிகழ்ச்சிக்கு அடுத்த வெள்ளிக்கிழமை மூன்று குடும்பங்களும் எங்கள் பாதி ஹாலில் கூடின. விசா புதுப்பித்தாகிவிட்டது, அம்மா பாயசம் வைத்திருந்தாள். சாப்பிட்டு முடித்ததும் அம்மா தன் கைப்பையைக் கொண்டுவந்து அப்பாவிடம் நீட்டினாள். “என்னங்க, அந்த அக்கா அழுவுறத ஒரு தடவ செஞ்சு காட்டுங்க. எல்லாரும் கேக்குறாங்க.”

“வேணாம்மா. அசதியா இருக்கு.”

“ஒரே ஒரு தடவ. கைக்குட்டை மட்டும்.”

அப்பா பையை வாங்கினார். கொஞ்ச நேரம் மடியில் வைத்திருந்தார். பிறகு எழுந்து அதை ஆணியில் மாட்டினார். “சொன்னாக் கேளு. கலாஸ், முடிஞ்சுபோச்சு. இனிமே அதச் செய்யச் சொல்லாத” என்றார். எல்லோரும் சிரிப்பை நிறுத்திவிட்டார்கள். அப்பா தண்ணீர் குடிக்கப் போகிறவர் மாதிரி வெளியே போனார். போகும்போது என்னைப் பார்த்தார்.

அதன் பிறகு அவர் அந்த வேடத்தைப் போடவேயில்லை. அப்பாவுக்கு இங்கிலீஷ் தெரியாது, அதனால் நடந்தது எதுவும் அவருக்குத் தெரியாது என்று நான் உறுதியாக நம்பினேன். அவர் என்னைப் பார்த்ததற்கு ஒரே காரணம்தான் எனக்குத் தோன்றியது. அன்றைக்கு எல்லோருக்கும் பிறகு, ஒரு நொடி தாமதமாகச் சிரித்தவள் நான். அடுத்த சீசனில் அப்பாவுக்கு அந்தக் குறை இருக்கக்கூடாது. அந்தக் கோடைக்காலம் முழுவதும், வீட்டில் யாரும் இல்லாத நேரமாகப் பார்த்து, குளியலறைக் கதவைச் சாத்திக்கொண்டு, கண்ணாடி முன் நின்று, சட்டென்று சிரிக்கப் பழகினேன்.