அண்ணன் பார்க்காத காட்சி

ஏப் ஸ்லோட்னிக் நியூயார்க்கில், நடிக்க நடிக்க அப்படியே ஒளிபரப்பாகும் நேரடித் தொலைக்காட்சிக்கு நாடகம் எழுதிப் பிழைத்தார். நான் அங்கே காமிரா தள்ளியவன். அவர் எழுதியவற்றில் ஒன்றைத்தான் நல்ல நாடகம் என்பேன். அப்பாவின் சாவுக்கு வராத தம்பியை அண்ணன் வாசலிலேயே நிறுத்தித் திட்டுவான். கடைசிக் காட்சியில் தம்பி மன்னிப்புக் கேட்பான். அது ஏபின் சொந்தக் கதை. பல வருடமாகப் பேசாத அண்ணன் ஹெர்மனுக்கு, நாடகம் ஒளிபரப்பாகும் அன்று அவரே போன் செய்தார்.

"அண்ணே, எட்டு மணிக்கு என் நாடகம். கடைசி வரைக்கும் பாரு."

"நீ எழுதுறது எல்லாம் அழுமூஞ்சிக் கதையாச்சே. சரி, பாக்குறேன்டா."

அண்ணனாக நடித்தவர் திட்டும்போதே உடைந்து அழுதார். அப்படியொரு நடிப்பை நான் அதற்குமுன் பார்த்ததில்லை. ஆனால் அந்த அழுகை நேரத்தைத் தின்றுவிட்டது. இயக்குநர் கடைசிக் காட்சியை விட்டுவிட்டு நாடகத்தை முடித்தார்.

"ரெண்டு நிமிஷம் குடுங்க சார்!" என்று ஏப் கெஞ்சினார்.

"ஒம்பது மணிச் செய்தி என்ன என் மாமனாரா, காத்துக்கிட்டு இருக்க?"

ஏப் போனுக்கு ஓடினார். அண்ணி எடுத்தாள்.

"ஊரு முன்னாடி அவரை அசிங்கப்படுத்திட்டியே. இனிமே உன்கூடப் பேசவே மாட்டாராம்."

"இன்னும் ஒரு காட்சி இருக்கு அண்ணி."

"முடிஞ்சிருச்சுன்னு போட்டாங்களேப்பா."

அவள் போனை வைத்த பிறகும், ஏப் தம்பி மன்னிப்புக் கேட்கும் வசனத்தைப் போனில் சொல்லிக்கொண்டே இருந்தார்.