நான் எழுதிக் கொடுத்த பெயர்

உயிரோடு இருக்கிற அய்யாவுக்கு, செத்தவர்களுக்காகக் கேட்கிற நித்திய இளைப்பாற்றியை நான் கேட்டேன்.

எனக்கு ஏழு வயசில், இலங்கைக்குக் கப்பலேறிப் போன இடத்தில் அய்யா காய்ச்சலில் இறந்துபோனார் என்று அம்மா சொன்னாள். தாலியைக் கழற்றினாள். ஆனால் கல்லறைத் திருநாளுக்குக் கோயிலில் வாசிக்கிற மரித்தோர் பட்டியலில் ஒரு வருஷம்கூட அவர் பேரைக் கொடுத்ததில்லை. கேட்டால், "ஆண்டவருக்குத் தெரியாத பேரா? போயி வேலையப் பாரு" என்பாள். எனக்கு ஆத்திரமாக வரும்.

ஐம்பத்தேழாம் வருஷம், ஆசிரியைப் பயிற்சி முடித்த மிதப்பு. அம்மாவுக்குத் தெரியாமல் நானே எழுதிக் கொடுத்தேன். பூசையில் சாமியார் "சவரிமுத்து" என்று வாசித்ததும் என் பக்கத்திலிருந்து அம்மா அலறினாள்.

"சாமி, அந்தப் பேரை அடிச்சிருங்க! அவுக சாகல!"

வீட்டில் எல்லாம் வெளிவந்தது. அய்யாவுக்குக் குஷ்டம் என்கிற பெருநோய். மதுரைப் பக்கம் நோயாளிகள் மடத்தில் இருந்தார். ஊருக்குத் தெரிந்தால் என்னைப் பள்ளிக்கூடத்தில் சேர்க்கமாட்டார்கள், யாரும் கட்டமாட்டார்கள் என்று அவரே சொல்லச் சொன்ன பொய். ரகசியமாகக் கடிதம் வரும். ரெண்டு வருஷமாக அதுவும் நின்றுபோயிருந்தது.

"இத்தனை வருஷம் ஏமாத்திட்டியேம்மா."

"நீ ஒரே நாள்ல கொன்னுட்டியேடி."

பேச்சு நின்றது. ஜெபமாலை மட்டும் நிற்கவில்லை. ஒவ்வொரு மந்திரத்திலும் முதல் பாதியை அம்மா சொல்வாள், மறுபாதியை நான். எங்களுக்குள் சத்தம் அவ்வளவுதான். எங்கள் பாம்பன் கடல் இரைச்சலிலும் அந்தப் பேரை வாசிக்கிற குரலே எனக்குக் கேட்டது. ஒரு சாயங்காலம் தாங்கமாட்டாமல் கதறினேன்: "ஆண்டவரே, நான் கேட்டதைக் கொடுத்துவிடாதேயும்!" அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

ஜனவரியில், மூன்று ராஜாக்கள் திருநாளுக்கு மறுநாள் மடத்திலிருந்து ஒரு கார்டு வந்தது. வேறு யாரோ எழுதியது. அய்யாவின் விரல்கள் எழுத வராமல் போயிருந்தன. ஆனால் புது மாத்திரையில் நோய் அடங்கிவிட்டது, பார்க்க வரலாம்.

இரண்டு பேரும் ரயிலேறினோம். அம்மா போனதும் போகாததுமாக என்னைக் காட்டிக்கொடுத்தாள். அய்யா சிரித்தார். "எனக்குப் பூசை வச்சியாமே ஆத்தா? அதான் இந்த வருஷம் தெம்பா இருக்கேன்."

இப்போது மாதாமாதம் போகிறோம். எங்கே என்று கேட்பவர்களிடம் அம்மாவே சொல்கிறாள். எனக்கு வந்த ஒரு வரன் அதோடு நின்றது. போகட்டும். அய்யா பேரை வாசித்த அந்தக் குரல் இன்னும் சில நாள் கேட்கிறது. உடனே முதல் பாதியை நான் தொடங்குகிறேன். மறுபாதிக்கு அம்மா இருக்கிறாள்.

உங்கள் வீட்டிலும் சொல்லாத ஒன்று இருக்கலாம். அதை ஆண்டவரிடம் கொண்டுபோங்கள். தப்பாகக் கேட்டுவிட்டாலும் பயப்படாதீர்கள். கேட்டதையெல்லாம் கொடுத்துவிடுகிறவர் அல்ல அவர். அதற்காகவே அவருக்குத் தோத்திரம்.