தூதுவளைப் பொடி

என் மகன் மினிகாப் என்ற வாடகைக் கார் ஓட்டுகிறவன். நாற்பது வயது தாண்டியும் குளிர் வந்தால் இருமல் அவனை விடாது. தூதுவளை இலையைக் காயவைத்து இடித்து, நகைக்கடையில் தோடு போட்டுத் தருகிற அழுத்தி மூடுகிற சின்னப் பிளாஸ்டிக் பைகளில் நிரப்பி அவனுடைய சட்டைப் பையில் வைத்துவிடுவேன். நல்ல பைகளை எறிய எனக்கு மனம் வராது.

அன்று கார் திருத்தத்துக்குப் போயிருந்தது. ஈஸ்ட் ஹாமில் பஸ்ஸுக்கு நின்றோம். பக்கத்தில் ஒரு வெள்ளைக்காரர் கஞ்சா புகைத்துக்கொண்டு நின்றார். தெருவெல்லாம் அந்த மணம்தான். ஒரு பொலிஸ்காரரும் ஒரு பொலிஸ்காரியும் வந்தார்கள். அவரிடம் அதை அணைத்துவிட்டுப் போகும்படி சொல்ல, அவரும் நன்றி சொல்லிவிட்டு நடந்தார். பிறகு என் மகனைக் கையை விரிக்கச் சொன்னார்கள்.

தன்னை இப்படி அடிக்கடி மறிப்பதாக அவன் முன்பே சொல்லியிருக்கிறான். நான் கண்ணால் கண்டது அன்றுதான். சட்டைப் பையிலிருந்து பச்சைப் பொடி வெளியே வந்தது. இருமல் மருந்து என்று அவன் ஆங்கிலத்தில் சொன்னான். பொலிஸ்காரர் நம்பாமல் சிரித்தார். கஞ்சா வழக்கென்று வந்தால் லைசென்ஸ் போய்விடும். அவன் உழைப்பில்தான் வீடு நடக்கிறது.

"அம்மா, நீங்கள் பேசாமல் நில்லுங்கோ," என்றான்.

பஸ்ஸில் இறங்குவதற்கு மணி அடிக்கவே கூச்சப்படுகிறவள் நான். எனக்கு எங்கே பேச்சு வரும்? எங்கள் பக்கத்தில் மருந்து கொடுப்பவர் முதலில் தன் வாயில் போட்டுக் காட்டுவார். நஞ்சில்லை என்பதற்கு அதுதான் சாட்சி. என் கைப்பையில் இன்னொரு பை இருந்தது. அவர்கள் பார்க்கும்படி அதை எடுத்து முழுவதையும் வாயில் கொட்டி விழுங்கினேன்.

பொலிஸ்காரி பாய்ந்து என் கையைப் பிடித்துத் துப்பச் சொன்னாள். நான் தடயத்தை அழித்துவிட்டேனாம். பொடி தொண்டையில் ஒட்டி எனக்கு மூச்சு இழுத்தது. அவள் விலங்கை எடுத்தாள்.

உடனே மகன், எல்லாம் தன்னுடையது, அம்மாவுக்கு ஒன்றும் தெரியாது என்று சொல்லிவிட்டான். என்னை விட்டுவிட்டு அவனுக்கு விலங்கு போட்டார்கள்.

"தம்பி, அது மருந்தெண்டு திரும்பச் சொல்லு."

"சொன்னனான்தானே அம்மா. இனிச் சொல்லிப் பயனில்லை. வீட்டை போங்கோ."

அவனைப் பின்னேரமே விட்டார்கள். பொடி சோதனைக்குப் போயிருக்கிறது. முடிவு வரும்வரை வேலைக்கு வரவேண்டாம் என்று மினிகாப் கம்பனிக் கந்தோரில் சொல்லிவிட்டார்கள். இப்போது யார் கதவைத் தட்டினாலும் நான்தான் எழுந்து போகிறேன். அவனைப் போக விடுவதில்லை.