சொந்த வீட்டுக் கல்யாணத்தில் எட்டு நிமிஷம்

போன வாரம் ஸ்ரீவில்லிபுத்தூரில் ஒரு கல்யாணம். தாலி கட்டி முடித்துப் பார்த்தால்... பெண்ணின் அப்பாவைக் காணோம்!

பதறாதீர்கள். சண்டை சச்சரவு எதுவும் இல்லை. பழக்க தோஷம், அவ்வளவுதான்.

அவர் பெயர் மாடசாமி. ராஜபாளையத்தில் எங்கள் தெருக்காரர். தண்ணீர்க் குழாய்க்காகக் குடத்தோடு ரோட்டில் உட்கார்ந்து கவுன்சிலர் ஆனார். பிறகு நகராட்சித் தலைவர். பிறகு எம்.எல்.ஏ. அடுத்த தேர்தலில் தோற்று, இப்போது ‘முன்னாள்’. மறுபடி சீட் கிடைக்குமா என்று சென்னையிலிருந்து வரும் ஒரு போனுக்காகக் காத்திருக்கிறார்.

மேடைப் பேச்செல்லாம் சுமார்தான். பின்னே எப்படி ஜெயித்தார்? கல்யாணம்! பத்திரிகை வைத்த ஒரு வீட்டையும் விட்டதில்லை. முகூர்த்த நாளென்றால் பத்து மண்டபம். மண்டபத்துக்கு எட்டே நிமிஷம். கும்பிடு, அட்சதை, போட்டோ... “சாப்பிட்டுப் போங்கண்ணே” என்று சொல்லி முடிப்பதற்குள் வாசலுக்கு வந்துவிடுவார். டிரைவர் முருகன் கார் இன்ஜினை ஆஃப் செய்வதே இல்லை.

இதில் நஷ்டம் யாருக்கு? மகள் தமிழரசிக்கு. அவள் பள்ளிக்கூட ஆண்டு விழாவுக்குச் சிறப்பு விருந்தினராக வந்தவர், அவள் ஆடுவதற்குள் கிளம்பிவிட்டார். அதனால் நிச்சயதார்த்தத்தன்றே சொல்லிவிட்டாள்.

“அப்பா, நகை நட்டெல்லாம் எனக்குப் பெருசில்ல. என் கல்யாணத்தன்னைக்கு என் பக்கத்துல உக்காந்து முழுச் சாப்பாடு சாப்பிடணும். அம்புட்டுதான்.”

“இதென்னம்மா பெரிய விஷயம்!” என்று சத்தியம் செய்தார்.

கல்யாணத்தன்று தாலி ஏறும்வரை அப்பாவாகத்தான் இருந்தார். கண்ணைக்கூடத் துடைத்துக்கொண்டார். பிறகு போட்டோகிராபர், “சார், இங்க பாருங்க” என்றார். போச்சு! ஃபிளாஷ் அடித்ததும் எம்.எல்.ஏ. விழித்துக்கொண்டார். மாப்பிள்ளையின் கையைக் குலுக்கி, “அப்பா அம்மாவைக் கேட்டதாச் சொல்லுங்க தம்பி” என்றார். அவர்கள் பக்கத்திலேயேதான் நிற்கிறார்கள்! கூட்டத்துக்கு ஒரு பெரிய கும்பிடு போட்டுவிட்டு விறுவிறுவென்று இறங்கிப் போனார். ஏதோ பந்தியைக் கவனிக்கப் போகிறார் என்றுதான் நாங்கள் நினைத்தோம்.

பந்தியில் பெண் மாப்பிள்ளைக்கு இலை போட்டாயிற்று. தமிழரசி உட்காரவில்லை. “அப்பா வரட்டும்” என்றாள். எனக்குக் கோபமாக வந்தது. அவர் மனைவி பேச்சியம்மாள் மதினி, போனை ஸ்பீக்கரில் போட்டார்.

“எங்க இருக்கீய?”

“ராஜபாளையம் தாண்டிட்டேன். தளவாய்புரத்துல ஒரு கல்யாணம், தலையைக் காட்டிட்டு வாரேன்.”

“அப்ப இங்க யாரு கல்யாணத்துக்கு வந்தீய?”

“அய்யய்யோ... முருகா, வண்டியத் திருப்புலே!”

அரை மணி நேரத்தில் வேர்க்க விறுவிறுக்க வந்து நின்றார். “தப்புத்தாம்மா. முருகன் கார் கதவைத் தொறந்தான்... ஏறிட்டேன்.”

தமிழரசி பக்கத்து நாற்காலியைக் காட்டினாள். உட்கார்ந்தார். சோற்றில் கை வைத்ததும் போன் அடித்தது. முருகன் எட்டிப் பார்த்து, “அண்ணே, சென்னை! சீட்டு விஷயமா இருக்கும்” என்றார்.

மாடசாமி அண்ணன் போனைப் பார்த்தார். மகளைப் பார்த்தார். “சாப்பிட்டுட்டுப் பேசுதேன்னு சொல்லுலே” என்று போனை நீட்டிவிட்டு, சாம்பாரைப் பிசைந்தார்.

சாம்பார், ரசம், மோர் எல்லாம் ஆயிற்று. கடைசியில் பாயசம் வந்தது. அண்ணன் நிமிர்ந்து பார்த்தார். “ஏம்மா, கல்யாண வீட்ல பாயசமெல்லாம் ஊத்துவாகளா?”

ஆயிரம் கல்யாணம் பார்த்த மனுஷன்! தமிழரசி சிரித்தாள். சிரித்துக்கொண்டே அழுதாள். “அப்பாவுக்கு இன்னொரு தடவ ஊத்துங்க” என்றாள்.

தளவாய்புரத்தில் அன்றைக்கு நாலு ஓட்டு போயிருக்கும். போகட்டுமே... மகள் ஓட்டு நிச்சயம்!