சுசீலாபாயின் கைராசி

சுசீலாபாய்க்கு நாலு பேரோடு பேசாவிட்டால் சோறு இறங்காது. திருவனந்தபுரம் சாலைக் கடைத்தெருவில் சொரிமுத்து அண்ணாச்சியின் பாத்திரக் கடையில் அவள் வேலைக்குச் சேர்ந்தது சம்பளத்துக்காக மட்டும் அல்ல. முன்பக்கத்தில் நின்றுகொண்டு, வருகிறவர்களிடம் பெண்ணுக்கு எந்த ஊர் மாப்பிள்ளை, பழைய புட்டுக்குடத்துக்கு என்ன கேடு வந்தது என்று கேட்டுக்கொண்டே இருக்கலாம் என்பதற்காகவும்தான். கேட்டு முடிப்பதற்குள் ஒரு குக்கரும் இரண்டு சருவமும் விற்றுப்போயிருக்கும். அப்படிப்பட்டவளை, ஐம்பது வயதில், ஒரு நாள் காலையில் அண்ணாச்சி மாடிக்கு அனுப்பிவிட்டார்.

மாடி என்றால் கிடங்கு. அட்டைப்பெட்டிகளும், யாரும் வாங்காத செம்புத் தவலைகளும் இருக்கும் இடம். அங்கே பேசுவதென்றால் பல்லியோடுதான் பேச வேண்டும். அவள் செய்த குற்றம் ஒன்றுதான்: அவளுக்குக் கைராசி இல்லையாம்.

சாலையில் எந்தக் கடைக்காரரும் போணியில் விளையாட மாட்டார். அன்றைய முதல் சாமானை எடுத்துக் கொடுத்து முதல் காசை வாங்குகிற கை நல்ல கையாக இருந்தால் அன்று முழுக்க வியாபாரம் கொட்டும் என்பது நம்பிக்கை. அண்ணாச்சியின் கடையில் போணி எப்போதும் அண்ணாச்சி கையால்தான். அவர் ஊரில் இல்லாத நாட்களில் மூத்தவள் என்ற முறையில் சுசீலாபாய் செய்வாள். இந்த வருடம் அவள் செய்த முதல் நாள், பேய்மழை பெய்து ஓடைத் தண்ணீர் கடைக்குள் வந்து இட்லிப் பானைகள் மிதந்தன. அடுத்த நாள் சொல்லாமல் கொள்ளாமல் மின்னல் ஹர்த்தால்; கதவைச் சாத்த வேண்டியதாயிற்று. அதற்கடுத்த நாள், கல்யாணம் நின்றுபோனதென்று ஒருவர் வாங்கிய அண்டாவை ஆட்டோவில் வைத்துத் திருப்பிக் கொண்டுவந்தார். காக்கை உட்காரப் பனம்பழம் விழுந்த கதைதான். ஆனால் அண்ணாச்சி காக்கையைத்தான் பிடித்தார்.

"ஹர்த்தால் வச்சது நானா அண்ணாச்சி?"

"நீ வச்சேன்னு யாரு சொன்னா? நீ போணி பண்ணுன அன்னைக்கில்லா வச்சானுவ. கோவிக்காதம்மா. சம்பளம் ஒண்ணும் கொறையாது. மேல நின்னுக்க. அனுஷா கீழ நிக்கட்டும்."

அனுஷா, கடையில் சேர்ந்து ஒரு வருடம் ஆன பெண். அப்பா அம்மா செங்கோட்டைப் பக்கம். அவள் படித்ததெல்லாம் இங்கே, மலையாளத்தில். அவளுக்கு இதில் லாபமும் இல்லை, வருத்தமும் இல்லை. "மேல ஃபேன் இல்ல சேச்சி, அதே உள்ளு," என்று, அது ஒன்றுதான் குறை என்பதுபோல் சொல்லித் தன் விசிறியைக் கொடுத்தாள்.

சுசீலாபாய்க்கு அழுகையும் வந்தது, அதைவிட அதிகமாகக் கோபமும் வந்தது. ஏனென்றால் அவள் யாரிடமும் பீற்றிக்கொள்ளாத ஒரு சங்கதி உண்டு: அவள் புள்ளியியல் பட்டதாரி. நாகர்கோவிலில் கல்லூரியில் கணக்குப் பிரிவில் இடமில்லை என்று இதில் தள்ளிவிட்டார்கள். தள்ளிவிடப்பட்ட இடத்தில் அவளுக்குக் காதலே வந்துவிட்டது. உலகத்தில் பாதிக் காரியம் குருட்டாம்போக்கில்தான் நடக்கிறது என்று வகுப்பில் சொன்னபோது மற்ற பெண்கள் கொட்டாவி விட்டார்கள். இவள் மட்டும் நிமிர்ந்து உட்கார்ந்தாள். தண்ணீரில் விழுந்த மகரந்தத் தூள் ஓயாமல் ஆடுவது, கண்ணுக்குத் தெரியாத நீர்த் துகள்கள் நாலு பக்கமும் இடிப்பதால். கதிர் வீசும் உலோகத்தில் ஒற்றை அணு எப்போது உடையும் என்று ஒருவராலும் சொல்ல முடியாது. கோடிக்கணக்கில் சேர்ந்தால் பாதி எப்போது தீரும் என்று கணக்காகச் சொல்லிவிடலாம். பிள்ளைக்கு வருவது அப்பன் மூக்கா அம்மை மூக்கா என்பதும் இப்படியே. தற்செயலுக்கும் ஒரு நடை உண்டு, அதை அளக்கலாம் என்பது அவளுக்கு அத்தனை சந்தோஷமாக இருந்தது.

படிப்பு முடிந்த கையோடு கல்யாணம். மாப்பிள்ளை சற்குணத்துக்குக் கிழக்கேகோட்டையில் ஆட்டோ. திருவனந்தபுரத்துக்கு வந்தாள், இரண்டு பிள்ளைகளை வளர்த்தாள், இரண்டுக்கும் அவன் மூக்கு. பட்டம் பெட்டிக்குள் போனது. இப்போது கிடங்கில் விசிறிக்கொண்டிருந்தபோது, எத்தனையோ வருடம் கழித்து அது வெளியே வந்தது.

ஒரு மத்தியானம் படியிறங்கி வந்து கேட்டாள். "அண்ணாச்சி, நீங்க குற்றாலத்துக்குக் குளிக்கப் போறது எப்பம்?"

"ஆடியிலதான். அப்பத்தான சாரல் விழும்."

"ஆடின்னா இங்க கர்க்கடகம். கர்க்கடகத்துல இந்த ஊருல எவனாவது கல்யாணம் வைப்பானா? கல்யாணம் இல்லேன்னா பாத்திரம் விக்குமா? மழை அப்பம், வெள்ளம் அப்பம். கொள்ளாத நாளெல்லாம் எனக்க தலையில, சிங்க மாசம், உங்க ஆவணியில உள்ள கல்யாணக் கூட்டமெல்லாம் உங்க கையில. பின்ன எனக்க கை எப்படி விளங்கும்?"

அண்ணாச்சி விரல் மடக்கி மாதங்களை எண்ணிப் பார்த்தார். கணக்கு ஒத்துப்போனதால் அவர் மனம் மாறிவிட்டதென்று நினைக்கக் கூடாது. பிடித்த முயலுக்கு மூன்றே கால் என்கிற ஜாதி அவர். ஆனால் நியாயமான மனுஷர். "சரி, என்ன செய்யணும்ங்குத?" என்றார்.

"போணி யாரு செய்யணும்னு நீங்களும் சொல்லாண்டாம், நானும் சொல்லாண்டாம். ஆளு பாத்து, நாளு பாத்து நாம எடுத்தா அதுல நம்ம ஆசை கலந்துரும். மருந்து நல்லதா கெட்டதான்னு பாக்குகவங்களும் இப்படித்தான், யாருக்கு மருந்து யாருக்கு வெறும் மாத்திரைன்னு குருட்டாம்போக்குல பிரிப்பாங்க. தெனமும் காசு சுண்டுவோம். தலை விழுந்தா நான். பூ விழுந்தா அனுஷா. தீவாளி வரைக்கும் நீங்க கை வைக்காண்டாம், பாப்போம்."

"லச்சுமி இருக்குத எடத்துல காசு சுண்டுததா?" அண்ணாச்சிக்கு வியர்த்துவிட்டது. "சூதாட்டம்லா அது."

"அப்பம் பூக்கட்டிப் பாருங்க. பிள்ளையாரு சொல்லட்டும்."

இதற்கு அவரால் மறுப்புச் சொல்ல முடியவில்லை. தனக்குப் பெண் எடுத்ததும், மகளுக்கு மாப்பிள்ளை எடுத்ததும், இந்தக் கடையைப் பிடித்ததும் பூக்கட்டிப் பார்த்துத்தான். தினமும் கடை திறக்குமுன் பழவங்காடிப் பிள்ளையார் கோயிலில் தேங்காய் உடைக்கிறவர். அங்கேயே சன்னிதியில், ஒரு இலைத்துண்டில் வெள்ளை நந்தியாவட்டை, இன்னொன்றில் சிவப்புத் தெச்சி, இரண்டையும் ஒரே மாதிரி மடித்துக் குலுக்கி ஒன்றை எடுப்பது என்று ஏற்பாடு. வெள்ளை வந்தால் சுசீலாபாய். சிவப்பு வந்தால் அனுஷா.

ஞாயிறு தவறாமல் சர்ச்சுக்குப் போகிறவள் செய்த ஏற்பாடு இது. சற்குணம் வீட்டில் சிரித்தான். "பிள்ளையாரை வேலைக்கு வச்சிருக்கியாமே?"

"சம்பளம் இல்லாத்த வேலை. பாரபட்சம் பாக்காத ஒரு ஆளு வேணும், அதுக்காக்கும்."

ஆவணியில் தொடங்கினார்கள். வெள்ளை நாளும் சிவப்பு நாளும் முறை வைத்து வரவில்லை. ஒரு வாரம் தொடர்ந்து சிவப்பு வந்தது. சுசீலாபாய் மாடியில் பல்லைக் கடித்துக்கொண்டிருந்தாள். குருட்டாம்போக்கு என்றால் இப்படித்தான் கொத்துக் கொத்தாக வரும் என்று தெரியும். தெரிந்திருந்தும் எரிச்சலாகத்தான் இருந்தது.

அதற்கு நடுவே அண்ணாச்சி ஒரு தில்லுமுல்லு செய்தார். நெய்யாற்றின்கரையிலிருந்து ஒரு பெரிய கல்யாணக் கூட்டம் வருவதாகச் சொல்லியிருந்த நாள். கோயிலிலிருந்து வந்ததும் யாரையும் பார்க்காமல், "இன்னைக்குச் செவப்பு," என்றார். அவர் சட்டைப் பையிலிருந்து ஒரு நந்தியாவட்டை எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தது.

"பையில என்ன அண்ணாச்சி?"

"மொதல்ல அதுதான் வந்துது. எனக்கு ஒரு சமுசயம். திரும்ப ஒரு தரம் கேட்டேன்."

"பிள்ளையாரு சொன்னதுல சமுசயமா?"

அண்ணாச்சி பழவங்காடி இருக்கும் திசையைப் பார்த்துக் கன்னத்தில் போட்டுக்கொண்டார். போணி சுசீலாபாய் செய்தாள். கல்யாணக் கூட்டம் வந்தது, வாங்கியது, போயிற்று. அதன் பிறகு அவர் ஒருநாளும் இரண்டாம் முறை கேட்கவில்லை.

தீபாவளி முடிந்தது. அன்றாட விற்பனை கடைக் கம்ப்யூட்டரில் இருக்கவே இருக்கிறது. பூவோடு சேர்த்துப் பார்த்ததில் வெள்ளை நாட்கள் கொஞ்சம் முந்தி நின்றன. சுசீலாபாய் ஞாயிற்றுக்கிழமை உட்கார்ந்து, பழைய சூத்திரங்களை ஞாபகப்படுத்திப் போட்டுப் பார்த்தாள். கோவளத்தில் புதிதாகத் திறந்த ஒரு ஹோட்டல்காரர் சமையலறைக்கு முழுசாக வாங்கிய நாள் ஒரு வெள்ளை நாள். அது ஒன்றைத் தள்ளினால் இரண்டும் சமம். தள்ளாவிட்டாலும், அவ்வளவு ஏற்ற இறக்கம் சும்மாவே வரக்கூடியதுதான். கைக்கும் வியாபாரத்துக்கும் ஒரு சம்பந்தமும் தெரியவில்லை. இதைச் சொல்லத் திங்கட்கிழமை அவள் துள்ளிக்கொண்டு வந்தாள்.

அண்ணாச்சி முந்திக்கொண்டார். "நான் தப்பு பண்ணிட்டேம்மா. வெள்ளைக்குத்தான் ஜெயம். உன் கை தங்கக் கை."

"அண்ணாச்சி, அது அந்த ஹோட்டல்காரன் வந்ததினால."

"அவன் ஏன் செவப்பு நாள்ல வரல?"

எந்தச் சூத்திரத்தை வைத்து இதற்குப் பதில் சொல்வது? அன்று மத்தியானத்துக்குள் சேதி சாலை முழுவதும் போய்விட்டது. பக்கத்துக் குடைக் கடை யூசுப், "சேச்சி, ஒரு குடையில கை வச்சிட்டுப் போங்க," என்று கூப்பிட்டார். டீக்கடையில் முதல் ஈட்டுப் பழம்பொரி அவள் கைக்கு வந்தது. சற்குணம் மின்சார பில்லை நீட்டி, "இதையும் ஒரு தரம் தொட்டுத் தா," என்றான். அவள் எல்லாரிடமும் அதெல்லாம் ஒன்றுமில்லை என்றுதான் சொன்னாள். பொய் சொல்வானேன், சொல்லும்போது வாயெல்லாம் பல்லாகத்தான் இருந்தது. கிடங்கில் கிடந்தவளைத் தெருவே கூப்பிட்டுக் கும்பிட்டால் யாருக்குத்தான் கசக்கும்.

நாலைந்து நாள் இப்படிப் போனது. ஒரு காலையில் அண்ணாச்சி வெறுங்கையோடு கோயிலிலிருந்து வந்தார். "இனி எதுக்குப் பூ? தெனமும் சுசீலாவே பண்ணட்டும். அனுஷா, நீ மேல போயிரு. செவப்பு நாள்லதான் எனக்கு எறங்கிப்போச்சு."

"சாரமில்ல சேச்சி," என்று அனுஷா தன் பையை எடுத்துக்கொண்டு படியேறினாள். சாரமில்லை, பரவாயில்லை என்றுதான் சொன்னாள். முகம் அப்படிச் சொல்லவில்லை. அன்று முழுவதும் மேலிருந்து பெட்டி நகர்த்தும் சத்தம் தவிர வேறு சத்தம் இல்லை. எதற்கெடுத்தாலும் சிரிக்கிற பெண் அது. சுசீலாபாய்க்குக் கீழே நிற்கவே கூச்சமாக இருந்தது. தான் இறங்கிய அதே படியில் இன்னொருத்தியை ஏற்றிவிட்டோம், அதுவும் தான் படித்த படிப்பை வைத்தே ஏற்றிவிட்டோம் என்று நினைத்தபோது, தின்ற பழம்பொரியெல்லாம் நெஞ்சைக் கரித்தது.

மறுநாள் கடை திறந்ததும் அவள் நேராக மாடிக்குப் போய் அனுஷா பக்கத்தில் ஒரு பெட்டியின்மேல் உட்கார்ந்துகொண்டாள். கீழே புதிதாகக் கல்யாணமான ஒரு ஜோடி இட்லிப் பானை பொறுக்கிக் காசை நீட்டிக்கொண்டு நின்றது. மேலே தங்கக் கை இருக்க, அண்ணாச்சி அந்தக் காசைத் தன் கையால் வாங்கவும் பயந்தார்.

"சுசீலா, எறங்கி வா. போணி ஆகாமக் கெடக்கு."

"எனக்க கையில ராசி இருக்குன்னு நீங்கதான சொன்னீங்க? அப்பம் அது எனக்க கையாக்கும். அனுஷா எறங்கினா அதும் எறங்கும்."

"நீயே இல்லேன்னு சொன்ன ராசிய வச்சு என்னையே மிரட்டுதியா?"

"நீங்க நம்புகது அதைத்தான? எனக்குத் தெரிஞ்சதைச் சொன்னா கேக்கல்லியே."

புது மாப்பிள்ளை மாடியையும் அண்ணாச்சியையும் மாறி மாறிப் பார்த்தான். புதுப்பெண் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். அண்ணாச்சி துண்டால் முகத்தைத் துடைத்தார். "ரெண்டு பேரும் வாங்க தாயீ," என்றார். இறங்கி வந்ததும் சுசீலாபாய் அனுஷாவை முன்னால் தள்ளிவிட்டாள். அவள் பயந்துகொண்டே காசை வாங்கி, பானையைக் கொடுத்தாள்.

அன்றைக்கு வெள்ளமும் வரவில்லை, ஹோட்டல்காரரும் வரவில்லை. சாயங்காலம் அண்ணாச்சி கணக்குப் பார்த்து, "சுமார்தான்," என்றார். அனுஷா தலையைக் குனிந்துகொண்டாள்.

"நேத்தைக்கு நான் செய்தப்பமும் இவ்வளவுதான அண்ணாச்சி," என்றாள் சுசீலாபாய்.

அவர் திரும்பவும் பார்த்தார். ஆமாம், ஏறக்குறைய அதேதான். தன் வலது கையை விரித்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். பிறகு மெதுவாகக் கேட்டார். "அப்ப இந்தக் கையும் அப்படித்தானா? இத்தனை வருசமா என் கைராசியிலதான் கடை ஓடுதுன்னு நெனச்சேனம்மா."

சுசீலாபாய்க்கு அவரைப் பார்க்கப் பாவமாகிவிட்டது. "ராசி இல்லேன்னா, பின்ன ஓட்டினது யாரு அண்ணாச்சி? மூடி சேரல்லேன்னு ஆறு மாசம் கழிச்சு வந்தாலும் மாத்திக் குடுக்கிய. எடையில கள்ளம் கெடையாது. அதுக்காக்கும் ஆளு வருகு. கடையை ஓட்டினது நீங்கதான்."

அண்ணாச்சி அவளை நிமிர்ந்து பார்த்தார். நான்தானா என்று கேட்கிற மாதிரி இருந்தது. பிறகு முகம் கொஞ்சம் கொஞ்சமாக மலர்ந்தது. "இதை ஒரு தரம் வீட்டுக்கு வந்து எம் பொண்டாட்டி ஆவுடைத்தாகிட்டச் சொல்லுதியா? அவ மருமவளா வந்து கால் வச்ச ராசியிலதான் கடை செழிச்சுதுன்னு கல்யாணமான நாள்லருந்து சொல்லிக்கிட்டிருக்கா."

"அதை என்னால அளந்து சொல்ல முடியாது அண்ணாச்சி. உங்களுக்குக் கல்யாணம் ஒரு தரம்தான நடந்துது. இன்னொரு பூவ எடுத்திருந்தா என்னவாயிருக்கும்னு யாருக்குத் தெரியும்?"

அனுஷா இரண்டு நாளாக அடக்கி வைத்திருந்த சிரிப்பு அப்போதுதான் வெளியே வந்தது. அண்ணாச்சி சிரிக்கவில்லை, தாடையைத் தடவிக்கொண்டு நிஜமாகவே யோசித்தார்.

"வேண்டாம். அது அவ ராசியாவே இருக்கட்டும்," என்றார்.